திப்புவின் பாட்டுப் புத்தகம்

ஐவேளை தொழுகிறவன் பாட்டு கேட்கலாமா? சினிமாவுக்குப் போகலாமா? ஒசூர் சிப்காட்டில் ஷிஃப்ட் முடித்து, ஜும்ஆவுக்கும் நேரம் ஒதுக்கி, மிச்சமிருக்கும் ஒரு மணி நேரத்தில் ஹெட்போன் மாட்டுகிற பையனுக்கு இது பட்டிமன்றத் தலைப்பு இல்லைங்க. மனசை உறுத்துகிற விஷயம். இதே மண்ணில் இதற்கு ஒரு பழைய கதை இருக்கு.

கிருஷ்ணகிரி 1792 ஒப்பந்தத்தில்தான் கும்பெனிக்காரன் கைக்குப் போனது. ஒசூர் போனது 1799ல், திப்பு சுல்தான் இறந்த பிறகு. அதுவரை இரண்டும் மைசூர்ச் சீமை. திப்பு நல்லவரா கெட்டவரா என்ற சண்டைக்கு நான் வரலை. அவர் பொழுதுபோக்கை எப்படிப் பார்த்தார் என்பது மட்டும்தான் இங்கே பேச்சு.

1787ல் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் பெரிய மசூதியைக் கட்டி முடித்தார். அதே வருஷம் திவான் மீர் சாதிக்குக்கு, மதுவை முழுசா ஒழிக்கச் சொல்லிக் கடிதம் எழுதினார். முஸ்லிம்களுக்கு மட்டுமல்ல, எல்லோருக்கும். கஜானாவுக்கு நஷ்டம் என்பதையெல்லாம் பொருட்படுத்தவில்லை. (150 வருஷம் கழித்து, 1937ல், இந்த ஊர்கள் அடங்கிய அன்றைய சேலம் மாவட்டத்தில்தான் ராஜாஜி மதுவிலக்கை ஆரம்பித்தார். அவர் பிறந்த தொரப்பள்ளி ஒசூர் பக்கம்தான்!)

சரி, இவ்வளவு கறாரான ஆள் பாட்டையும் தடை பண்ணியிருப்பார்னுதானே நினைப்போம்? இல்லை. 1780களில் ஹசன் அலி இஸ்ஸத் என்பவரைக் கொண்டு ஒரு பாட்டுப் புத்தகமே தொகுக்க வைத்தார். பெயர் 'முஃபர்ரிஹுல் குலூப்'. மனங்களை மகிழ்விப்பது என்று அர்த்தம். பாட்டுகள் பாரசீகத்திலும் தக்கனியிலும். கிருஷ்ணகிரி, ஒசூர் முஸ்லிம் வீடுகளில் இன்றைக்கும் புழங்குகிற அதே தக்கனி! வெள்ளைக்காரச் சிப்பாயைக் கடிக்கிற அவருடைய மரப்புலிக்குள்ளும் ஒரு குட்டி ஆர்கன் இருக்கு. இப்போது லண்டன் மியூசியத்தில்.

ராஜா செய்ததெல்லாம் மார்க்க ஆதாரம் ஆகிடாது, ஒத்துக்கறேன். இசையே கூடாது என்று சொன்ன ஆலிம்கள் உண்டு. 1111ல் மறைந்த இமாம் கஸ்ஸாலியோ, தன் 'இஹ்யா'வில் இசை கேட்பதற்கென்றே தனியாக ஒரு பகுதி எழுதி, எது கூடும், எது கூடாது என்று பிரித்துக் காட்டினார். ஆக, இது டிவி வந்த பிறகு முளைத்த குழப்பம் இல்லை.

திப்பு கோடு போட்டது போதையில், சந்தோஷத்தில் இல்லை. பாட்டு கேட்டதற்காக அந்தப் பையனின் ஈமானை எடை போடுகிறவர்கள், மசூதி கட்டியவரே பாட்டும் தொகுத்தார் என்பதைக் கொஞ்சம் நினைச்சுப் பார்க்கலாம் :-)