ஒரு பெயருக்குள் எத்தனை மொழிகள்!

வட சென்னைத் துறைமுகத்தை ஒட்டிக் கிடக்கும் இரண்டு ஊர்கள் மனிதர் பெயரால் அமைந்தவை என்று சொல்லப்படுகின்றன. ஒன்று இராயபுரம், மற்றொன்று தண்டையார்பேட்டை. பின்னதன் வரலாற்றை நம்மவர் மிகுந்த பெருமையுடன் எடுத்துரைப்பது வழக்கம். அப்பெருமையைச் சற்றே உரசிப் பார்ப்போம்.

இராயபுரத்தின் பெயர் இராயப்பரிடமிருந்து வந்தது என்பர். ஹஜ்ரத் ஈஸா (அலை) அவர்களின் சீடரான பேதுருவைத் தமிழ்க் கத்தோலிக்கர் அழைக்கும் பெயர் அது. கடற்கரைப் படகோட்டிகள் எழுப்பிய தேவாலயம் அவர் பெயரைத் தாங்கி இன்றும் அங்கே நிற்கிறது. அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் சிமியோன். கேபா என்ற அரமேயச் சொல் பின்னர் அவருக்குச் சிறப்புப் பெயராயிற்று, பொருள் பாறை. கிரேக்கர் அதனைப் பெத்ரோஸ் என மொழிபெயர்த்தனர். நம் அரபு நூல்களிலோ அவர் ஷம்ஊனுஸ் ஸஃபா. ஸஃபா என்றாலும் பாறையே. ஹஜ்ஜில் ஸஃபாவுக்கும் மர்வாவுக்கும் இடையே ஓடி வந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

இனித் தண்டையார்பேட்டை. தொண்டிப் பக்கத்திலிருந்து வந்து இப்பகுதியில் தங்கிய குணங்குடி மஸ்தான் சாகிபு அவர்களை மக்கள் 'தொண்டியார்' என்றழைத்தனர். அதனால் அவ்விடம் தொண்டியார்பேட்டையாகிப் பின்னர் தண்டையார்பேட்டையாகத் திரிந்தது என்பது கதை. இளமையில் நானும் இதை மேடையில் முழங்கியவன்தான். ஆனால் ஆண்டுகள் இடம் தரவில்லை. எழும்பூர், புரசைவாக்கம் ஆகியவற்றோடு தண்டையார்பேட்டையும் ஆங்கிலக் கும்பினியார் கைக்கு வந்தது 1693இல். மஸ்தான் சாகிபு பிறந்ததோ 1792இல், மறைந்தது 1838இல். தமக்கு ஏறத்தாழ நூறாண்டு முந்திய ஊருக்கு அவர் எவ்வாறு பெயர் தந்திருக்க முடியும்? இதை எழுதுவதற்காக என்னிடம் வருந்துவோர் சிலர் இருப்பர். ஓர் ஊர்ப்பெயரைக் கடன் வாங்கித்தான் அப்பெருமகனாருக்குச் சிறப்புச் செய்ய வேண்டும் என்பதில்லை.

அவருடைய சொந்தப் பெயரே போதிய அதிசயம். இயற்பெயர் சுல்தான் அப்துல் காதிர். சுல்தான் என்பது திருக்குர்ஆனில் சான்று, அதிகாரம் என்ற பொருள்களில் வரும் அரபுச் சொல். அரசனைக் குறித்தது பிற்காலத்தில். அப்துல் காதிர், ஆற்றல் மிக்கோனின் அடிமை. மஸ்தான் என்பதன் அடி மஸ்த் என்னும் பாரசீகச் சொல்; மயக்கமுற்ற நிலையைச் சுட்டும். இறைக்காதலில் தம்மை மறந்தாரை மக்கள் அவ்வாறு அழைத்தனர். சாகிபு மீண்டும் அரபு; தோழன், உடையவன் என்று பொருள். ஸஹாபா பிறந்ததும் அதே வேரில்தான். இந்துஸ்தானத்துக்கு வந்தபின் அது 'ஐயா' என்னும் மரியாதையைப் பெற்றது. இவை எல்லாவற்றுக்கும் தலையில் குணங்குடி என்னும் தமிழ் ஊர். இப்பெயருடையார்மீது நான்மணிமாலை பாடியவர் திருத்தணிகைச் சரவணப்பெருமாளையர். தமக்கு அந்நியமான பெயரைப் பாடுகிறோம் என்று அவர் கூசியதாகத் தெரியவில்லை.

1166இல் மறைந்த பக்தாதுப் பெரியார் முஹ்யித்தீன் அப்துல் காதிர் ஜீலானி அவர்களின் பெயரையே நம் முன்னோர் தலைமுறை தலைமுறையாகப் பிள்ளைகளுக்கு இட்டனர். அப்பெயர் தமிழ் நாவில் எடுத்த வடிவங்கள் பல. கீழக்கரை வள்ளல் ஷெய்கு அப்துல் காதிரின் பெயர் சீதக்காதியாயிற்று. வீட்டுக்கு வீடு காதர், காதிறு என்று அது நிலைத்தது. பிறமொழிச் சொல் தமிழுக்குள் வருமானால் தன் எழுத்தை விட்டுத் தமிழெழுத்தை ஏற்க வேண்டும் என்பது தொல்காப்பியர் காலத்து நெறி. நம் பாட்டிமார் தொல்காப்பியம் படித்தவர்களல்லர். எனினும் அந்நெறி வழுவாது உமரை உமறு என்றும், இப்ராஹீமை இபுறாகீம் என்றும் அழைத்தனர்.

கனி என்னும் பெயர் இன்னும் சுவையானது. உஸ்மான் (ரலி) அவர்களின் பட்டப்பெயரில் வரும் 'கனி' செல்வர் என்று பொருள்படும் அரபுச் சொல். தமிழிலோ கனி பழம். மகனுக்கு அப்பெயரிட்ட தாய் எதை நினைத்து இட்டாள் என்று யார் சொல்வது?

இங்கே என் குற்றம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். 1996இல் திருவொற்றியூர்ப் பக்கத்து மக்தபு ஒன்றில் ஓதிக் கொடுத்து வந்தேன். காதர் மீரான் என்று ஒரு சிறுவன். மத்ரஸாவிலிருந்து வெளிவந்த புதிது. 'அப்து' இன்றி இறைவனின் பண்புப்பெயரால் மனிதனை அழைப்பதா என்று என் மனம் கொதித்தது. அவன் தந்தை எழுதப் படிக்கத் தெரியாத துறைமுகக் கூலியாள். பள்ளிக்கூட விண்ணப்பத்தை நானே நிரப்பினேன். அப்துல் காதிர் என்று எழுதினேன். ரஹ்மான் போல் இறைவனுக்கே உரிய பெயர்கள் வேறு, அலீ, ரஷீது போல் மனிதர்க்கும் வழங்குபவை வேறு என்று ஆலிம்கள் வகுத்திருப்பதை நின்று நிதானிக்கும் பக்குவம் எனக்கு அன்றில்லை. மீரானையும் விட்டுவிட்டேன். அது அமீர் என்ற அரபுச் சொல் பாரசீகத்தில் மீராகிப் பிறந்த பெயர். நாகூர் ஆண்டகைக்கும் வழங்குவது. அவன் பாட்டி நாகூருக்கு நேர்ந்து பெற்ற பெயரன் என்பது பின்னரே தெரிந்தது.

2014இல் அவ்விளைஞன் கப்பல் வேலைக்கு முயன்றபோது பிறப்புப் பதிவில் ஒரு பெயர், பத்தாம் வகுப்புச் சான்றிதழில் வேறொரு பெயர். அரசிதழில் வெளியிட்டுச் சரிசெய்ய மாதங்கள் ஆயின. ஏற வேண்டிய கப்பலும் போய்விட்டது. ஒரு சொல்லும் அவன் என்னைக் கடிந்ததில்லை.

புகாரியில் வரும் செய்தி அதன்பின் பலமுறை என் நினைவுக்கு வந்ததுண்டு. கரடுமுரடு என்னும் பொருளில் ஹஸ்ன் என்று பெயர் கொண்ட ஒருவரை, மென்மை என்னும் பொருளுடைய ஸஹ்ல் என்று மாற்றிக்கொள்ளுமாறு பெருமானார் (ஸல்) கூறினார்கள். தந்தை இட்ட பெயரை மாற்றேன் என்றார் அவர். அக்கடுமை தம் குடும்பத்தில் நின்றுவிட்டது என்று அவருடைய பேரர் ஸயீத் பின்னாளில் கூறியதும் உண்மையே. ஆயினும் பெருமானார் வற்புறுத்தவில்லை. நானோ கேட்கவேயில்லை.

சென்ற ஆண்டு அவன் மகளுக்குப் பெயர் கேட்டு வந்தான். "உங்க பாட்டியின் பெயர் என்ன?" என்றேன்.

"பாத்துமுத்து, அஜரத்."

பாத்திமாவும் முத்தும், அரபும் தமிழும். அதையே இடலாமே என்றேன். சிரித்தான். வீட்டில் கேட்டுச் சொல்வதாகக் கூறிப் போனான்; இன்னும் வரவில்லை.