குடும்ப நினைவு ஆவணப்படம்

இயக்குநர் தம் பெற்றோரையோ பிறந்த வீட்டையோ விட்டுவந்த ஊரையோ பொருளாகக் கொண்டு, வீட்டுப் படச்சுருள், கடிதம், புகைப்படம், குரல்பதிவு ஆகியவற்றைக் கோத்து உருவாக்கும் சோதனைமுறை ஆவணப்படம். திரையில் தெரிவதும் காதில் கேட்பதும் ஒன்றோடொன்று ஒட்டாமல் விலகி நிற்பது இவ்வகையில் அடிக்கடி காணப்படும் இயல்பு. குடும்பம் படம்பிடித்து வைத்ததற்கும் பேசாமல் விட்டதற்கும் உள்ள இடைவெளியை அந்த விலகலே புலப்படுத்துகிறது.

தோற்றம்

1895-இல் லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் திரையிட்ட படங்களுள் ஒன்றில், ஒகுஸ்த் லூமியேரும் மனைவியும் தம் கைக்குழந்தைக்கு உணவூட்டுகின்றனர். கோடாக் நிறுவனம் 1923-இல் 16 மி.மீ. படச்சுருளையும் 1932-இல் 8 மி.மீ. படச்சுருளையும் அறிமுகப்படுத்தியபின் வசதியுள்ள குடும்பங்கள் தாமே படமெடுக்கத் தொடங்கின. பிறந்தநாளும் சுற்றுலாவும் அவற்றில் பதிவாயின. சண்டையும் சாவும் அரிதாகவே இடம்பெற்றன.

வளர்ச்சி

லித்துவேனியாவில் பிறந்து, இரண்டாம் உலகப்போரால் அகதியாகி, 1949-இல் நியூயார்க் சேர்ந்தவர் ஜோனஸ் மேக்காஸ். போலெக்ஸ் கேமராவில் அன்றாடத்தைத் துண்டுதுண்டாகப் பிடித்து, பின்னாளில் தம் குரலைச் சேர்த்தார். தாயைக் காண 1971-இல் ஊர் திரும்பியதைப் பதிவுசெய்த படமே 'ரெமினிசன்சஸ் ஆஃப் எ ஜர்னி டு லித்துவேனியா' (1972). பெல்ஜிய இயக்குநர் சாந்தால் ஆகர்மானின் 'நியூஸ் ஃப்ரம் ஹோம்' (1977) படத்தில் தாய் தெரிவதேயில்லை. அவர் எழுதிய கடிதங்களை மகள் வாசிக்க, நியூயார்க் தெருக்களின் இரைச்சல் அவ்வப்போது அக்குரலை விழுங்கிவிடுகிறது.

அமெரிக்கரான சூ ஃபிரெட்ரிக், 'தி டைஸ் தட் பைண்ட்' (1985) படத்தில் நாஜி ஜெர்மனியில் வளர்ந்த தம் தாயைப் பேசவைத்தார். தம் கேள்விகளைப் படச்சுருளிலேயே எழுத்தாகக் கீறினார். தந்தையைப் பற்றிய 'சிங்க் ஆர் ஸ்விம்' (1990), ஆங்கில அகரவரிசையைப் பின்னிருந்து தொடங்கும் 26 பகுதிகளைக் கொண்டது. அதை ஒரு சிறுமியின் குரல் படர்க்கையில் சொல்கிறது.

படமே இல்லாத நினைவை ரியா தாஜிரி எடுத்துக்கொண்டார். இரண்டாம் உலகப்போரில் ஜப்பானிய அமெரிக்கர்கள் அடைக்கப்பட்ட முகாம்களில் கேமரா தடைசெய்யப்பட்டிருந்தது. அரிசோனாவின் போஸ்டன் முகாமில் இருந்த அவருடைய தாய்க்கோ பல நினைவுகள் மங்கிவிட்டன. பாலைவனத்தில் ஒரு பெண் குடுவையில் நீர் பிடிக்கும் காட்சியைத் தாமே நடித்துப் பதிவுசெய்து, அந்த வெற்றிடத்தை 'ஹிஸ்டரி அண்ட் மெமரி' (1991) படத்தில் நிரப்பினார்.

ஹங்கேரியரான பீட்டர் ஃபோர்காச், தம் குடும்பத்துக்கு மாறாகப் பிறர் வீட்டுப் படங்களைத் திரட்டினார். 'தி மெயில்ஸ்ட்ராம்' (1997), ஒரு நெதர்லாந்து யூதக் குடும்பம் எடுத்த படங்களை மையமாகக் கொண்டது. ஆஷ்விட்ஸ் வதைமுகாமுக்கு அனுப்பப்படும் முன் அவர்கள் துணி தைத்துப் பயணத்துக்கு ஆயத்தமாவதையும் அதில் காணலாம்.

அண்மைக்காலம்

கனடாவின் சாரா பாலி, மறைந்த தம் தாயின் கதையை 'ஸ்டோரிஸ் வி டெல்' (2012) படத்தில் சொன்னார். சூப்பர் 8 படச்சுருளில் எடுத்த பழைய வீட்டுப் படங்களாகத் தோன்றுபவற்றில் பல, நடிகர்களைக் கொண்டு புதிதாக எடுக்கப்பட்டவை. படம் முடிவை நெருங்கும்போதே இது வெளிப்படுகிறது. வீட்டுப் படத்தின் நம்பகத்தன்மையும் இதனால் இவ்வகையின் ஆய்வுப்பொருள்களுள் ஒன்றாயிற்று.