பேர் நின்றவரும் படம் நின்றவரும்

1910 வரை ஸ்ரீவில்லிபுத்தூரும் ஸ்ரீவைகுண்டமும் ஒரே திருநெல்வேலி மாவட்டத்தில் இருந்தன. அந்த ஸ்ரீவைகுண்டத்தில் இருந்து சினிமாவுக்கு வந்தவர் எஸ். டி. சுப்புலட்சுமி. ஆனால் இன்று ஸ்ரீவில்லிபுத்தூரை அடுத்த ராஜபாளையம் பக்கம் பழைய சினிமா தெரிந்தவர்களிடம் தமிழ்ப் பேசும் படத்தின் முதல் நாயகி யார் என்று கேட்டால், டி. பி. ராஜலட்சுமி என்று சட்டென்று சொல்வார்கள். சுப்புலட்சுமி என்றால் பாடகி எம். எஸ்.ஸைத்தான் நினைப்பார்கள்.

ராஜலட்சுமிக்கு அந்தப் புகழ் தகும். திருவையாற்றில் பிறந்து, சிறு வயதிலேயே கல்யாணம் முடிந்து, அந்த வாழ்க்கை நிலைக்காமல் நாடக மேடைக்கு வந்தவர். 1931 அக்டோபர் 31-ல் வெளியான ‘காளிதாஸ்’ படத்தில் நாயகன் தெலுங்கில் பேச, இவர் தமிழில் பேசினார். 1936-ல் ‘மிஸ் கமலா’வைத் தாமே எழுதி, தயாரித்து, இயக்கினார். படக் கம்பெனி என்றாலே ஆண்கள்தான் என்றிருந்த நாளில் ஒரு பெண் முதலாளியாக நின்றது பெரிய துணிச்சல். ‘சினிமா ராணி’ என்று ஊர் கொண்டாடியது. ஆனால் ‘காளிதாஸ்’, ‘மிஸ் கமலா’ இரண்டுக்குமே இன்று பிரதி இல்லை. அவர் எப்படி நடித்தார் என்பதைப் பழைய புகைப்படங்களையும் விமர்சனங்களையும் வைத்துத்தான் ஊகிக்க வேண்டும்.

சுப்புலட்சுமி 1934-ல் ‘பவளக்கொடி’யில் தியாகராஜ பாகவதருக்கு ஜோடியாக அறிமுகமானார். பாகவதருக்கும் இயக்குநர் கே. சுப்ரமணியத்துக்கும் அதுவே முதல் படம். பிறகு அந்த இயக்குநரையே மணந்தார். ‘நவீன சதாரம்’, ‘பக்த குசேலா’ என்று வரிசையாகப் படங்கள். ‘குசேலா’வில் கண்ணனும் இவர்தான், குசேலரின் மனைவியும் இவர்தான், பசித்த வீட்டின் தலைவியாகவும், அந்தப் பசியைத் தீர்க்கும் தெய்வமாகவும் ஒருவரே நடித்திருக்கிறார்.

அவர் பெயரைக் காப்பாற்ற ‘தியாகபூமி’ (1939) ஒன்றே போதும். கல்கியின் கதை ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது, படத்தின் காட்சிகளே அதற்குப் படங்களாக அச்சாயின. சம்பு சாஸ்திரியின் மகள் சாவித்திரி கணவன் வீட்டில் அவமானப்படுகிறாள். பெற்ற குழந்தையைத் தூங்கும் தகப்பனாரிடம் விட்டுவிட்டுப் போகிறாள். பிறகு செல்வச் சீமாட்டி உமாராணியாகத் திரும்பி வருகிறாள். சேர்ந்து வாழ வேண்டும் என்று கணவன் வழக்குப் போடுகிறான். நீதிமன்றத்தில் நின்று அவள் முடியாது என்கிறாள். வேண்டுமானால் அவனுக்கு ஜீவனாம்சம் கொடுக்கத் தயார் என்கிறாள். குனிந்த தலையோடு நடமாடிய சாவித்திரியை நமக்குக் காட்டிய அதே நடிகைதான் இந்த உமாராணியையும் நிமிர்ந்து நிற்க வைக்கிறார்.

மனிதரை மணக்க மாட்டேன் என்று சொன்ன ஆண்டாளை ஸ்ரீவில்லிபுத்தூர் தெய்வமாக்கிக் கும்பிடுகிறது. ஒரு பெண்ணின் மறுப்பு இறைவனிடம் போய்ச் சேரும்போது நம் மரபு அதை ஏற்றுக்கொண்டது. சாவித்திரியின் மறுப்போ கணவன் முகத்துக்கு நேரே சொன்னது. அங்கிருந்து அவள் போவது தேச சேவைக்கு. அதனால்தான் எனக்கு ‘மிஸ் கமலா’வைத் துணிந்து எடுத்தவரும் இந்த உமாராணியும் ஒரே வரிசையில் தெரிகிறார்கள். ஒருவர் திரைக்குப் பின்னால் செய்ததை மற்றவர் திரையில் செய்தார்.

1939 அக்டோபரில் காங்கிரஸ் மந்திரிசபை பதவி விலகியது. அதற்குப் பிறகு பிரிட்டிஷ் ஆட்சி ‘தியாகபூமி’யைத் தடை செய்தது. தடையின் கதையை எழுதுகிறவர்கள் கல்கியைச் சொல்கிறார்கள், சுப்ரமணியத்தைச் சொல்கிறார்கள், சம்பு சாஸ்திரியாக நடித்த பாபநாசம் சிவனைச் சொல்கிறார்கள், பாடிய டி. கே. பட்டம்மாளைச் சொல்கிறார்கள். படத்தைத் தாங்கிய நடிகை கடைசியில்தான் வருகிறார். இயக்குநரின் மனைவி என்பது அவருக்கு நிழலாகவும் ஆனது, மறைப்பாகவும் ஆனது என்றே நினைக்கிறேன். ராஜலட்சுமிக்கு ‘முதல்’ என்ற சொல் துணை இருந்தது. பின்னால் வந்த சுப்புலட்சுமிக்கு நடிப்பு மட்டும்தான் துணை. அதை நாம் உட்கார்ந்து பார்க்கவில்லை.

இத்தனைக்கும் ‘தியாகபூமி’ அழிந்துவிடவில்லை. புணே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் பிரதி இருக்கிறது. சென்னை மாகாணத்தின் முதல்வராக இருந்த பி. எஸ். குமாரசாமி ராஜா தம் வீட்டையே கொடுத்து உருவாக்கிய காந்தி கலை மன்றம் ராஜபாளையத்தில் இருக்கிறது. அந்த மன்றத்தில் ஒருநாள் சாயங்காலம் இந்தப் படத்தைத் திரையிட வேண்டும். அழைப்பிதழில் முதல் பெயராக எஸ். டி. சுப்புலட்சுமி என்று அச்சிட வேண்டும்.