தீர்ப்பு எட்டாத சாலை: நக்கீரன் கோபாலும் கள்ளக்குறிச்சிச் செய்தியாளர்களும்

'நக்கீரன்' ஆசிரியர் கோபாலைப் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் சந்தனக் கடத்தல்காரன் வீரப்பனின் காட்டோடு நின்றுவிடுகிறார்கள். 2000இல் கன்னட நடிகர் ராஜ்குமாரை வீரப்பன் கடத்தியபோது கோபால் அரசின் தூதராகக் காட்டுக்குள் போனது அவரது மீசையோடு சேர்ந்து மக்கள் மனத்தில் பதிந்துவிட்டது. ஆனால் இதழியலுக்கு அவர் விட்டுச்செல்லும் பெரிய சொத்து ஒரு தீர்ப்பு. அத்தீர்ப்பின் காவல் எந்த இடத்தில் அறுந்துபோகிறது என்பதைக் கள்ளக்குறிச்சி காட்டியது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

அருப்புக்கோட்டைக்காரரான கோபால் 1988இல் நக்கீரனைத் தொடங்கினார். ஆறு ஆண்டுகள் கழித்து, தூக்குத் தண்டனைக் கைதி ஆட்டோ சங்கர் செங்கல்பட்டுச் சிறையில் எழுதிய சுமார் 300 பக்கத் தன்வரலாற்றை வெளியிட இதழ் முன்வந்தது. தம்மோடு நெருங்கிப் பழகியவர்களென்று சில அதிகாரிகளை அதில் அவர் குறிப்பிட்டிருந்தார். தொடர் வெளிவரும் என்று நக்கீரன் அறிவித்ததும், அதை வெளியிடக் கூடாது என்று சிறைத்துறைத் தலைவரிடமிருந்து 1994 ஜூன் 15 தேதியிட்ட கடிதம் வந்தது. கோபால் நேரே உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்.

1994 அக்டோபர் 7இல் வந்த தீர்ப்பு மூன்று செய்திகளைச் சொன்னது. அச்சேறும் முன்பே தடுக்க அரசுக்கோ அதிகாரிகளுக்கோ அதிகாரமில்லை. பொது ஆவணங்களில் உள்ளதை யாருடைய ஒப்புதலும் இல்லாமல் வெளியிடலாம். ஆனால் பாலியல் வன்முறை, கடத்தல் போன்ற குற்றங்களுக்கு ஆளான பெண்ணின் பெயரை வெளியிட்டு அவளை மேலும் இழிவுபடுத்தக் கூடாது. பத்திரிகையாளனுக்கு உரிமை தந்த கையே அவனுக்கு வரம்பும் போட்டது. முன்னதை மட்டும் எடுத்துக்கொண்டு பின்னதை மறப்பது நம் புலனாய்வு இதழ்களின் பழைய குறை. நக்கீரனும் அதற்கு விலக்கல்ல.

2003இல் பொடா என்ற பயங்கரவாதத் தடுப்புச் சட்டத்தில் கைதாகிப் பல மாதம் சிறையிலிருந்தார் கோபால். 2018 அக்டோபரில் ஆளுநர் மாளிகையின் புகாரில் மீண்டும் கைதானபோது, அவரைச் சிறைக்கு அனுப்ப எழும்பூர் நடுவர் மறுத்துவிட்டார். பத்திரிகையுலகின் சார்பில் 'இந்து' நாளிதழின் என். ராம் நீதிமன்றத்தில் பேசினார். சென்னையில் ஆசிரியருக்கு வழக்கறிஞர் உண்டு, சக பத்திரிகையாளர் உண்டு, கேமராக்களும் உண்டு.

கள்ளக்குறிச்சியில் அப்படியில்லை. 2022 ஜூலையில் கனியாமூர் தனியார் பள்ளி மாணவி இறந்தார்; சில நாளில் பள்ளி வளாகம் எரிந்தது. (அத்தீர்ப்பின் வரம்பை மதித்து அம்மாணவியின் பெயரை இங்கு எழுதவில்லை.) அது பற்றிச் செய்தி சேகரித்துத் திரும்பிய நக்கீரன் செய்தியாளர்களை அந்தச் செப்டம்பரில் ஒரு கும்பல் துரத்தி, தலைவாசல் அருகே நெடுஞ்சாலையில் தாக்கியது. 1994 தீர்ப்பு அரசின் கையைத்தான் பிடிக்கும். நெடுஞ்சாலையில் மறிப்பவனின் கையைப் பிடிக்க அதற்கு வழியில்லை.

துருக்கிக்கும் இந்தப் பாடம் தெரியும். 2016 மே மாதம் 'ஜும்ஹூரியத்' நாளிதழ் ஆசிரியர் ஜான் துந்தாருக்குத் தண்டனை அறிவிக்கப்பட்ட அதே நாளில், நீதிமன்ற வாசலிலேயே ஒருவன் அவரை நோக்கித் துப்பாக்கியால் சுட்டான். அவர் உயிர் தப்பினார்.

அதே கள்ளக்குறிச்சியின் கருணாபுரத்தில் 2024 ஜூனில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து அறுபதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். சாவுக்குக் காரணம் சாராயமில்லை என்றே மாவட்ட நிர்வாகம் முதலில் சொன்னது. அதன் பிறகுதான் அதே மாவட்டத்துக் கல்வராயன் மலைமக்களின் வாழ்நிலையை உயர் நீதிமன்றம் தாமாக முன்வந்து விசாரணைக்கு எடுத்தது. காய்ச்சும் இடத்தையும் விற்பவனையும் பற்றி எழுத வேண்டியவர் அதே சாலையில் இருசக்கர வண்டியில் போகும் ஊர் நிருபர். எழுதிய மறுநாளும் அவர் அந்த வழியாகத்தான் வீடு திரும்ப வேண்டும்.

மகாராஷ்டிரச் சட்டமன்றம் 2017இலும் சத்தீஸ்கர் சட்டமன்றம் 2023இலும் செய்தியாளர் பாதுகாப்புச் சட்ட முன்வடிவை நிறைவேற்றின. தமிழ்நாடு சட்டமன்றமும் அப்படியொரு சட்டத்தை இயற்ற வேண்டும். நியமன ஆணையோ அடையாள அட்டையோ இல்லாத ஊர் நிருபரையும் அது பெயர் சொல்லிச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.