ஷூ பாலிஷ் டப்பாவும் பேட்டரியும்

இதயத்தின் வலது மேலறையில் உள்ள கணு நிமிடத்துக்கு 60 முதல் 100 முறை மின்துடிப்பை எழுப்புகிறது. அது கீழறைகளை எட்டாமல் வழியில் அறுபட்டால் நாடி சரியும், ஆள் மயங்கி விழுவார். வெளியிலிருந்து துடிப்பைக் கொடுத்தாலும் இதயம் ஏற்கும் என்பது 1950களிலேயே தெரிந்துவிட்டது. எஞ்சியது, அந்தத் துடிப்பை இடைவிடாமல் தர மின்சக்தி எங்கிருந்து வரும் என்ற கேள்விதான். அதனால் இப்படித் துடிப்பைத் தரும் கருவியான பேஸ்மேக்கரின் வரலாறு பெரும்பாலும் பேட்டரியின் வரலாறு என்றே எனக்குப் படுகிறது. 1957இல் மினியாபொலிஸில் மின்சாரம் போனதும்தான் சுவர் பிளக்கை நம்பிய கருவியின் ஆபத்து உறைத்தது. மருத்துவர் லில்லஹை கேட்க, பொறியாளர் ஏர்ல் பாக்கன் பத்திரிகையில் வந்த மெட்ரோனோம் (தாளம் காட்டும் கருவி) சுற்றைப் பார்த்து ஒரு பேட்டரிக் கருவி செய்தார். அடுத்த ஆண்டு அக்டோபர் 8 அன்று ஸ்வீடனில் ஆர்னே லார்சன் என்ற நோயாளியின் உடலுக்குள்ளேயே ஒன்றைப் பதித்தார்கள். பொறியாளர் ரூனே எல்ம்க்விஸ்ட் ஷூ பாலிஷ் டப்பாவை அச்சாக வைத்து, எபாக்சி பிசினில் வார்த்தது அது. சில மணி நேரத்தில் நின்றுபோனது! லார்சனோ 2001 வரை வாழ்ந்தார், 26 கருவிகள் மாற்றி.

அறுவை மருத்துவர்களின் பங்கைக் குறைக்கிறேன் என்று சிலர் சொல்லலாம். கருவியை இதயத்தோடு இணைக்கும் கம்பியின் முறிவும் கிருமித் தொற்றும் அவர்களை வாட்டியது உண்மை. இதயம் தானாகத் துடிக்கும்போது கருவி வாய்மூடியிருக்க 1960களில் கற்றதும் பெரிய விஷயம், ஏனெனில் தவறான நொடியில் விழும் துடிப்பு உயிரையே பறிக்கலாம். ஆனால் பாதரச பேட்டரிகள் இரண்டு ஆண்டுகளில் தீர்ந்து, நோயாளி மீண்டும் மீண்டும் கத்திக்குப் போனார். பொறியாளர் வில்சன் கிரேட்பாட்ச் முன்னின்று வளர்த்த லித்தியம்-அயோடின் பேட்டரி 1970களில் வந்த பிறகே அந்த அலைச்சல் குறைந்தது.