ராபர்ட் லிப்பர்ட்: சிக்கனத்தின் வரவும் செலவும்

1950 மே மாதம் அமெரிக்கத் திரையரங்குகளில் 'ராக்கெட்ஷிப் எக்ஸ்-எம்' வெளியானது. ஜார்ஜ் பால் பெரும் விளம்பரத்துடன் வண்ணத்தில் உருவாக்கிவந்த 'டெஸ்டினேஷன் மூன்' படத்தை அது சில வாரங்கள் முந்திக்கொண்டது. பாலின் படத்துக்கு ஆறு லட்சம் டாலருக்கு நெருக்கமாகச் செலவானது. முந்திய படமோ ஒரு லட்சத்துக்கும் குறைவான செலவில், மூன்று வாரத்துக்குள் எடுக்கப்பட்டது. அதற்குப் பின்னால் இருந்தவர் ராபர்ட் எல். லிப்பர்ட்.

1909இல் கலிபோர்னியாவில் பிறந்த லிப்பர்ட், அடிப்படையில் திரையரங்கு உரிமையாளர். அரங்குகளை வாரந்தோறும் நிரப்பப் புதிய படங்கள் வேண்டும். அவற்றைப் பெரிய நிறுவனங்களிடம் வாங்குவதைவிடத் தாமே தயாரிப்பது மலிவு. 1940களின் நடுவில் அவர் தயாரிப்பில் இறங்கியதன் பின்னணி இந்த எளிய கணக்குதான். அறிவியல் புனைவு அவருக்குக் கொள்கையன்று, சரக்கு. பணம் இல்லாத இடத்தில் உத்தி வேலை செய்தது. செவ்வாய்க் கிரகத்துக்குப் பாலைவனத்தில் படப்பிடிப்பு நடந்தது; அந்தக் காட்சிகளுக்குக் கருப்பு வெள்ளைச் சுருளின் மேல் செந்நிறம் ஏற்றப்பட்டது.

எனினும் அந்தப் படம் வெறும் மலிவுச் சரக்காக நின்றுவிடவில்லை. நிலவுக்குப் புறப்பட்ட விண்கலம் வழிதவறிச் செவ்வாயை அடைகிறது; அங்கே அணுப்போரில் அழிந்த ஒரு நாகரிகத்தின் எச்சங்களைக் காண்கிறது. திரும்பும் வழியில் பயணிகள் எவரும் பிழைப்பதில்லை. இந்தத் துணிச்சலில், கம்யூனிச எதிர்ப்பு விசாரணையால் தடைப்பட்டியலில் சேர்க்கப்பட்ட டால்டன் டிரம்போவின் கை இருந்ததாகத் திரை வரலாற்றாசிரியர்கள் கருதுகின்றனர். திரையில் அவர் பெயர் இல்லை.

பெயர் மறைப்பது லிப்பர்ட்டின் தொழில் வாழ்க்கை முழுவதும் தொடரும் இழை. தம் படங்களை அவர் தொலைக்காட்சிக்கு விற்றபோது, நடித்தவர்களுக்கு அதில் பங்கு தரவில்லை. நடிகர் சங்கம் அவரோடு மோதியது. 1956இல் டுவென்டியத் செஞ்சுரி பாக்ஸ் நிறுவனத்துக்காக அவர் குறைந்த செலவுப் படங்களை எடுக்கத் தொடங்கியபோது, ரீகல் பிலிம்ஸ் என்ற அந்த அமைப்பின் தலைவராக வேறொருவர் பெயரே முன்வைக்கப்பட்டது. சினிமாஸ்கோப் கண்ணாடியில் எடுத்த அந்தக் கருப்பு வெள்ளைப் படங்களுக்கு 'ரீகல்ஸ்கோப்' என்று தனிப்பெயரும் சூட்டப்பட்டது. உயர்ந்த பெயர் மலிவான சரக்கில் ஒட்டிக்கொள்ளக் கூடாதல்லவா? அவருடைய குழுவில் உருவான 'தி பிளை' 1958இல் பெருவெற்றி பெற்றபோதும் லிப்பர்ட்டின் பெயர் திரையில் வரவில்லை. ரோமில் எடுக்கப்பட்டு 1964இல் வெளியான 'தி லாஸ்ட் மேன் ஆன் எர்த்' படத்தில் அவர் பெயர் உண்டு. ஆனால் மூல நாவலாசிரியர் ரிச்சர்ட் மாத்திசன், திரைக்கதை மாற்றங்களில் நிறைவின்றி, லோகன் ஸ்வான்சன் என்னும் புனைபெயரை இட்டுக்கொண்டார்.

இந்த வரலாற்றில் சேலத்துக்கும் ஓர் இடம் உண்டு. 1952இல் லிப்பர்ட்டின் நிறுவனம் அமெரிக்காவில் வெளியிட்ட 'தி ஜங்கிள்', டி. ஆர். சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸ் கூட்டுறவில் உருவானது, தமிழில் 'காடு'. அழிந்துபோன மாமூத் விலங்குகள் உயிரோடு திரிவதாகச் சொல்லும் கதை அது. அமெரிக்க நடிகர்கள் இங்கு வந்து நடித்தனர். மாமூத்துகளாக நம் ஊர் யானைகளே நடித்தன. கட்டுக்கோப்பும் சிக்கனமும் மிக்க ஸ்டூடியோ நடத்திய சுந்தரமும், செலவை எண்ணிச் செய்யும் லிப்பர்ட்டும் ஒருவரையொருவர் கண்டுகொண்டதில் வியப்பில்லை.

சிக்கனம் ஒரு கலை என்று இத்தகைய தயாரிப்பாளர்களைப் போற்றுவது இன்று வழக்கம். அதில் உண்மை உண்டு: பெரிய நிறுவனங்கள் அஞ்சிய கதைகளுக்கு அவர்களிடம் இடம் கிடைத்தது. ஆனால் குறைந்த செலவு என்பது செலவே இல்லாமை அன்று. அதை வேறு யாரோ ஏற்றுக்கொண்டார்கள் என்பதே பொருள். 1960இல் நடிகர் சங்கம் வேலைநிறுத்தம் செய்துதான் மறு ஒளிபரப்பு ஊதிய உரிமையைப் பெற்றது. அதற்கு முந்தைய படங்களுக்கு நடிகர்கள் தனித்தனியே எதுவும் பெறவில்லை. சங்கத்தின் ஓய்வூதிய, மருத்துவ நிதிக்கு ஒரு தொகை மட்டுமே வந்தது. லிப்பர்ட் 1976இல் மறைந்தார். அவருடைய ராக்கெட் இன்றும் தொலைக்காட்சிகளில் பறந்துகொண்டிருக்கிறது.