கடல் கடந்த சொற்கள் – 14
பறங்கியர் வீட்டுப் பேச்சு

குமாரலிங்கபுரத்தில் விடிந்ததும் ஜன்னலைத் திறக்கிறோம். அலமாரியைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு காட்டுக்குப் போகிறோம். ஜன்னல், அலமாரி, சாவி மூன்றும் போர்த்துக்கீசியர் கொண்டுவந்த சொற்கள். சென்ற வாரம் பார்த்த முத்துக்குளித்துறையில் 16-ஆம் நூற்றாண்டில் கால்வைத்தவர்களின் பேச்சு, கரிசல் வீடுகளுக்குள்ளும் வந்து தங்கிவிட்டது. நம்மிடம் தங்கியவை சில சொற்கள்தான். அந்த மொழியையே தாய்மொழியாக வைத்திருக்கும் ஒரு சிறு சமூகம் கடலுக்கு அப்பால், மட்டக்களப்பில் இருக்கிறது.

1505-இல் இலங்கைக் கரையைத் தொட்ட போர்த்துக்கீசியர், 1628-இல் மட்டக்களப்பு வாவியின் புளியந்தீவில் கோட்டை கட்டினார்கள். பத்தே ஆண்டுகளில், கண்டி மன்னன் இரண்டாம் இராஜசிங்கனோடு கைகோத்த டச்சுக்காரர்கள் அதைப் பிடித்தார்கள். 1658-இல் யாழ்ப்பாணமும் விழ, இலங்கையில் போர்த்துக்கீசிய ஆட்சி முடிந்தது.

கொடி இறங்கினாலும் பேச்சு அடங்கவில்லை. போர்த்துக்கீசிய ஆண்களுக்கும் உள்ளூர்ப் பெண்களுக்கும் பிறந்த பிள்ளைகள் அதை அடுப்படியில் கற்றிருந்தார்கள். தம் மொழியைப் பரப்ப நினைத்த டச்சுக்காரர்களின் வீடுகளிலேயே போர்த்துக்கீசியம் ஒலித்தது. அந்தப் பிள்ளைகளின் வழிவந்தவர்களைப் பறங்கியர் என்கிறார்கள். ஆங்கிலேயர் காலத்தில் மற்ற ஊர்களில் அந்தப் பேச்சு தேய, மட்டக்களப்பு, திருகோணமலைப் பறங்கியரிடம் நிலைத்தது. அவர்களில் பலர் கொல்லர், தச்சர், துப்பாக்கி பழுதுபார்ப்பவர். பட்டறைக்கு வருகிறவர்களோ தமிழர். நாளெல்லாம் தமிழில் பேசிவிட்டு, இரவில் வீட்டில் போர்த்துக்கீசியத்துக்குத் திரும்பினார்கள்.

அப்படித் திரும்பிய நாக்கு தமிழின் நடையையும் கூடவே கொண்டுபோனது. லிஸ்பனில் வினைச்சொல் வாக்கியத்தின் நடுவில் வரும். ‘அவனுக்கு’ என்பதில் உள்ள ‘கு’வின் வேலையைச் செய்யும் சொல் பெயருக்கு முன்னால் நிற்கும். மட்டக்களப்பில் அந்த உருபு பெயரின் வாலில் ஒட்டிக்கொள்கிறது, வினை கடைசிக்குப் போய்விடுகிறது. ‘நான் அவனுக்குப் பணம் கொடுத்தேன்’ என்பதை நம் வரிசையிலேயே சொல்கிறார்கள். 1970-களில் மொழியியலாளர் இயன் ஸ்மித் இதை விரிவாக ஆராய்ந்தார். அண்மை ஆண்டுகளில் லிஸ்பன் பல்கலைக்கழகத்தின் ஊகோ கார்தோசோ குழுவினர் அங்குள்ளவர்களின் பேச்சையும் பாட்டையும் பதிவு செய்திருக்கிறார்கள்.

இதைக் கொச்சை என்று ஒதுக்கியவர்கள் உண்டு. எனக்கு அந்தக் கலப்பில்தான் அதன் ஆயுள் தெரிகிறது. பக்கத்து வீட்டுக்காரரின் நடைக்கு இணங்கியதால்தான் படையும் பணமும் பள்ளிக்கூடமும் இல்லாமல் மூன்றரை நூற்றாண்டு தாக்குப்பிடித்தது. அதை இன்று ஒடுக்குபவை வேறு. பிழைப்புக்காக வெளிநாடு போனவர்கள் ஒருபுறம். தமிழும் ஆங்கிலமும் போதும் என்று வளரும் பிள்ளைகள் மறுபுறம். போதாததற்கு, மட்டக்களப்பில் பறங்கியர் நெருக்கமாக வாழ்ந்த டச்பார் கரையை 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலை சூறையாடியது.

நம் ஊர்களைச் சுற்றியும் இதே கதை இருக்கிறது. கரிசல் வீடுகள் பலவற்றில் தெலுங்கு. அருப்புக்கோட்டைத் தேவாங்கர் தறிவீடுகளில் கன்னடம். இரண்டிலும் தமிழ் ஊறியிருக்கிறது. ‘இது சுத்தமான தெலுங்கு இல்லை’ என்று யாராவது சொன்னால் கூனிக் குறுகுகிறோம். குறுக வேண்டாம். தமிழோடு பல தலைமுறை கொண்டும் கொடுத்தும் வாழ்ந்ததற்கு அந்தப் பேச்சே சாட்சி. பாட்டி தெலுங்கில் கேட்கும்போது பேத்தி தமிழில் பதில் சொல்கிறாளே, அங்கேதான் இழை அறுகிறது. அவளை அந்தக் கலந்த தெலுங்கிலேயே பதில் சொல்ல விடுங்கள்.

(தொடரும்)